எட்டாம் நாள் தண்ணீர்

அல் குசைஸ், துபாய்
11 ஜூன் 2004, வெள்ளி

பிரியமுள்ள அத்தானுக்கு,

காலையில் ஆராதனைக்குப் போய்விட்டு வந்து, யூனிபார்மை ஊறப் போட்டுவிட்டு, கட்டிலில் உட்கார்ந்து எழுதுகிறேன். இந்த அறையில் எனக்கென்று இருப்பது இந்தக் கட்டிலும், அதைச் சுற்றி நான் கட்டியிருக்கும் திரைச்சீலையும்தான். மற்ற மூன்று நர்ஸ்களும் வெளியே போயிருக்கிறார்கள். அதனால் கொஞ்சம் சத்தமாகவே அழலாம், சிரிக்கலாம். முதலில் சண்டை போட்டுவிடுகிறேன், பிறகு விசேஷம்.

நீங்கள் மே பத்தாம் தேதி எழுதிய கடிதம் நேற்றுதான் கிளினிக்கின் தபால் பெட்டிக்கு வந்தது. ஒரு மாதம் பயணப்பட்டு வந்த கடிதத்தில் மொத்தம் பதினோரு வரி. "நலம். குளிர் குறைந்திருக்கிறது. டோசரில் பெல்ட் மாற்றினோம்." நீங்கள் ஓட்டுகிற, மண் தள்ளும் டோசரின் சுகம் எனக்கு எதற்கு அத்தான்? அதையா நான் கட்டிக்கொண்டேன்?

போன வாரம் ரிசப்ஷனில் இருக்கும் ஜெயபாரதி, "சிஸ்டர், ஒங்க வீட்டுக்காரரு எங்க இருக்காரு?" என்று கேட்டாள். இமயமலையில் ரோடு போடுகிறார் என்றேன். "இமயமலையில எங்க?" என்றாள். என்னால் சொல்ல முடியவில்லை. "புருசன் இருக்கிற ஊரு பேரு தெரியாத பொண்டாட்டிய இப்பத்தான் பாக்கேன்" என்று சிரித்தாள். எல்லையில் வேலை செய்கிறவர்கள் ஊர் பெயரை எழுதக்கூடாது, ராணுவத் தபால் நம்பர் மட்டும்தான் போட வேண்டும் என்ற சட்டமெல்லாம் எனக்கும் தெரியும். பெயர் வேண்டாம். அங்கே காலையில் எழுந்தால் உங்கள் கண்ணில் முதலில் என்ன படும் என்றாவது எழுதக்கூடாதா?

இனி விசேஷம். ஷார்ஜா முவைலாவில் ரோடு கம்பெனி ஒன்று இருக்கிறது. அதில் இன்ஜினியராக இருக்கும் வாசு சார் சுகர் டெஸ்டுக்காக மாதாமாதம் என்னிடம் வருவார். அவர்களுக்கு டோசர் ஆபரேட்டர் வேண்டுமாம். உங்களைப் பற்றிச் சொன்னேன். "பதினேழு வருஷம் மலையில ஓட்டினவரா? எங்க மணல் அவருக்கு விளையாட்டா இருக்குமே" என்றார். நாம் சேர்ந்து இருக்க ரூமும் உண்டாம். நவம்பர் முப்பதுக்குள் வந்து சேர வேண்டும். அக்டோபர் லீவில், உங்கள் கணவாய் பனியில் மூடுவதற்கு முன்னால் இறங்கி வந்துவிடுங்கள். மற்றதை நான் பார்த்துக்கொள்கிறேன்.

"பென்ஷனுக்கு இன்னும் மூணு வருஷம்" என்று ஆரம்பிக்காதீர்கள். நமக்குக் கல்யாணமாகி ஐந்து வருஷம். நாம் ஒரே வீட்டில் இருந்த நாட்களைக் காலண்டரில் எண்ணினேன். தொண்ணூற்று மூன்று. உங்களுக்கு அம்மை போட்டு, என்னைப் பக்கத்தில் விடாமல் படுத்திருந்த பதினைந்து நாளும் அதில் அடக்கம்.

உங்கள்
ஷாஜினி


பெயர் எழுதக்கூடாத ஊர்
4 ஜூலை 2004

அன்பு ஷாஜினிக்கு,

பதினோரு வரிக்கு இவ்வளவு பேச்சா? இந்த முறை தாள் தீருகிற வரை எழுதுகிறேன். படித்து அலுத்துப் போனால் என்னைக் குறை சொல்லாதே.

காலையில் எழுந்தால் முதலில் கண்ணில் படுவது கல். நாலு பக்கமும் கல் மலைதான், ஒரு புல் கிடையாது. நடுவில் சாம்பல் நிறத்தில் ஆறு ஓடுகிறது. ஆற்றங்கரையில் மட்டும் அறுபது வீடுகளும், பச்சை வயலும், சூளி மரங்களும். சூளி என்பது நம் எலுமிச்சை அளவில் மஞ்சளாக ஒரு பழம். அதை மொட்டைமாடியில் காய வைத்துப் பனிக்காலம் முழுக்கத் தின்கிறார்கள். கொட்டையை உடைத்தால் உள்ளே பாதாம் மாதிரி பருப்பு இருக்கும். இதுதான் கடைசி ஊர். இதற்கு அப்பால் ராணுவக் காவல், அதற்கு அப்பால் அவர்கள். மலையில் கோடு ஒன்றும் போட்டிருக்கவில்லை. ஆனால் எது வரை போகலாம் என்று இங்குள்ள ஆட்டுக்கும் தெரியும்.

எங்கள் டோசர் நிற்கும் இடத்துக்குப் பக்கத்தில் ஹமீதா என்று ஒரு பெண் தனியாக இருக்கிறாள். ஐம்பது, ஐம்பத்திரண்டு வயது இருக்கும். எனக்கு ரொட்டி சுட்டுக் கொடுப்பாள். பதிலுக்கு நான் அவள் வயல் பக்கம் கல் உருண்டால் தள்ளிக் கொடுப்பேன்.

இங்கே மழை கிடையாது. பனி உருகி வரும் வாய்க்கால் ஒன்றுதான். எட்டு நாளைக்கு ஒரு தடவை ஒவ்வொரு வீட்டுக்கும் தண்ணீர் முறை வரும். முறை சொல்கிறவன் வாய்க்கால் கரையில் நின்று வீட்டுக்காரன் பெயரைச் சத்தம் போட்டுக் கூப்பிடுவான். அந்த வீட்டு ஆள் ஓடிப் போய் மடை திறக்க வேண்டும். "குலாம் ரசூல்!" என்று கூப்பிட்டால் ஹமீதா மண்வெட்டியோடு ஓடுவாள். ரசூல் யார் என்று போன மாதம்தான் கேட்டேன். அவள் புருஷன்.

எழுபத்தொன்று டிசம்பரில், காய்ந்த சூளியை விற்று உப்பும் தேயிலையும் வாங்கி வர ஆற்றோரமாகக் கீழே டவுனுக்குப் போனவன். கல்யாணமாகி ஒரு வருஷம்தானாம். "மூன்று நாளில் வருகிறேன்" என்று சொல்லியிருக்கிறான். அந்த வாரம் சண்டை வந்தது. சண்டை நின்றபோது, அதுவரை பாகிஸ்தானில் இருந்த இந்த ஊரைத் தாண்டி எல்லைக் கோடு போய் நின்றுவிட்டது. இவள் இந்தியாவில், அவன் போன டவுன் பாகிஸ்தானில். உயிரோடு இருக்கிறானா என்றுகூட இவளுக்குத் தெரியாது. முப்பத்திரண்டு வருஷம் ஆகிறது ஷாஜினி. இன்னும் தண்ணீர் அவன் பெயரில்தான் வருகிறது. பெயரை மாற்றிக்கொள்ளச் சொன்னால் மண்வெட்டியைத் தூக்குவாள் என்கிறார்கள். இது உனக்குள் இருக்கட்டும், யாரிடமும் சொல்லாதே.

முவைலா வேலையை யோசிக்கிறேன். யோசிக்கவில்லை என்று நினைக்காதே. ஆனால் மூணு வருஷம் என்பது கண்ணை மூடித் திறப்பதற்குள் போய்விடும்.

செல்வசிங்


அல் குசைஸ்
3 செப்டம்பர் 2004, வெள்ளி

பிரியமுள்ள அத்தானுக்கு,

முதலிலேயே சொல்லிவிடுகிறேன். உங்கள் ஹமீதாவின் ரசூலை நான் பார்த்துவிட்டேன்.

யாரிடமும் சொல்லாதே என்று எழுதியிருந்தீர்கள். கேட்கக்கூடாது என்று எழுதவில்லையே. எங்கள் கிளினிக் வாசலில் இருக்கும் காவல்காரர் எல்லைக்கு அந்தப் பக்கத்து மலைக்காரர். அவரிடம் சும்மாதான் பேச்சுக் கொடுத்தேன். அந்த ஊர்க்காரர்கள் இங்கே நிறைய இருக்கிறார்களாம், எல்லாரும் ஒருவரையொருவர் அறிவார்களாம். மூன்று வெள்ளி கழித்து, குலாம் ரசூல் என்று ஒருவர் குசைஸிலேயே ஒரு குடோனில் வாட்ச்மேனாக இருக்கிறார் என்று வந்து சொன்னார். நான் தினமும் டூட்டிக்குப் போகிற பஸ் அந்த குடோன் வழியாகத்தான் போகிறது!

எங்கள் பார்மசியில் இருக்கும் செய்கு முகம்மது அண்ணனைத் துணைக்கு அழைத்துக்கொண்டு போனேன். காயல்பட்டினத்துக்காரர், உருது நன்றாகப் பேசுவார். ரசூல் ஒடிசலான ஆள், தாடி முழுக்க நரை. ஹமீதா என்றதும் எங்களை மேலும் கீழும் பார்த்தார். ஏமாற்ற வந்தவர்கள் என்று நினைத்திருப்பார். பிறகு ஒரே ஒரு கேள்வி கேட்டார். "எட்டாம் நாள் தண்ணீருக்கு என் வீட்டு முறையில் யார் பெயரைக் கூப்பிடுகிறார்கள்?"

நான் செய்கு அண்ணனுக்குக்கூடக் காத்திராமல் எனக்குத் தெரிந்த ஓட்டை இந்தியில் சொன்னேன். "ஆப்கா நாம்." உங்கள் பெயரைத்தான். அந்த மனுஷன் கேட்டைப் பிடித்துக்கொண்டு அழுதார் அத்தான். லாரி ஒன்று வந்து ஹாரன் அடித்துக்கொண்டே நின்றது.

அவருக்குப் பாகிஸ்தானில் ஸ்கர்டு என்ற டவுனில் இன்னொரு மனைவி இருக்கிறார், நாலு பிள்ளைகளும். எட்டு வருஷம் காத்திருந்துவிட்டுக் கட்டிக்கொண்டாராம். ஹமீதாவுக்கு ஒரு கேசட் பேசித் தருகிறேன் என்றார். "உண்மையைச் சொல்றதா இருந்தா அனுப்புதேன். இல்லன்னா அனுப்ப மாட்டேன்" என்று கறாராகச் சொல்லிவிட்டேன். தலையாட்டினார். வாட்ச்மேன் ரூமில் ஏசியை அணைத்துவிட்டு, டேப் ரெக்கார்டர் முன்னால் அரை மணி நேரம் அவர் பாஷையில் பேசினார். எனக்கு ஒரு வார்த்தையும் புரியவில்லை. ஹமீதா என்ற பெயர் மட்டும் ஒன்பது தடவை வந்தது. உண்மையைச் சொன்னாரா இல்லையா என்று எனக்குத் தெரியாது. கேசட்டை இத்துடன் வைத்திருக்கிறேன்.

இன்னொன்று. உங்கள் ஊர் பெயர் எனக்குத் தெரிந்துவிட்டது! அவரிடமே கேட்டு வாங்கிவிட்டேன். பஸ்ஸில் வரும்போது வாய்க்குள் சொல்லிச் சொல்லிப் பார்த்தேன். ஐந்து வருஷத்தில் முதல் தடவையாக நீங்கள் ஓர் இடத்தில் இருக்கிறீர்கள். நம்பரை மட்டும் போட்டால் கேசட் எங்கேயாவது போய்விடும் என்று பயமாக இருந்தது. அதனால் கவரின் மேல் ஊர் பெயரையும் பெரிய எழுத்தில் எழுதிவிட்டேன்.

லீவு எந்தத் தேதி? வாசு சார் கேட்டுக்கொண்டே இருக்கிறார்.

உங்கள்
ஷாஜினி


9 அக்டோபர் 2004

ஷாஜினிக்கு,

உன் கவர் எனக்கு வரவில்லை. ஆபீசருக்குப் போனது. எழுதக்கூடாத பெயர் வெளிநாட்டுக் கவரின் மேல் கொட்டை எழுத்தில். உள்ளே யாருக்கும் புரியாத பாஷையில் ஒரு கேசட். அனுப்பியவள் என் மனைவி. மூன்று நாள் என்னை உட்கார வைத்து, உன் கடிதத்தை என்னையே வாசிக்கச் சொல்லிக் கேள்வி கேட்டார்கள். இந்தப் பெயரை உன் பெண்டாட்டிக்கு யார் சொன்னது என்றார்கள். நான் சொல்லவில்லை என்றால் யார் நம்புவார்கள்?

விசாரணை முடியும் வரை நான் கேம்ப்பை விட்டுப் போகக்கூடாது. அக்டோபர் லீவு ரத்து. பத்து நாளில் கணவாய் மூடிவிடும். முவைலா வேலை போயிற்று. வாசு சாரிடம் சொல்லிவிடு.

எத்தனை தடவை சொல்லியிருப்பேன் ஷாஜினி. நம்பர் மட்டும் போதும் என்று.

செல்வசிங்


அல் குசைஸ்
12 நவம்பர் 2004, வெள்ளி

அத்தானுக்கு,

உங்கள் கடிதத்தை எக்ஸ்ரே ரூமுக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டு படித்தேன். தப்பு என்னுடையதுதான். எந்தச் சாக்கும் சொல்லப் போவதில்லை. உங்களை மூன்று நாள் கேள்வி கேட்டு உட்கார வைத்தது என் கைதான். அந்தக் கையால் சோறு அள்ளிச் சாப்பிடக் கஷ்டமாக இருக்கிறது.

வாசு சாரிடம் சொல்லிவிட்டேன். நவம்பர் கடைசி வரை பார்க்கிறேன் என்றார். எனக்குத் தெரியும், வர மாட்டீர்கள்.

ஒன்று மட்டும் கேட்கிறேன். ஜூனில் நான் எழுதினேன். ஜூலை, ஆகஸ்ட், செப்டம்பர் முழுக்கப் பாதை திறந்துதானே இருந்தது? "வருகிறேன் ஷாஜினி" என்று ஒரு வரி நீங்கள் எழுதவில்லை. எழுதியிருந்தால் நான் இப்படி ஒரு ஊர் பெயருக்காகப் பித்துப் பிடித்து அலைந்திருக்க மாட்டேன். ஆளே வருகிறபோது ஊர் பெயர் எதற்கு?

ரசூல் நோன்பு மாதம் முழுக்க, வெள்ளி தவறாமல் கிளினிக் வாசலுக்கு வந்தார். "சிஸ்டர், டாக்?" என்பார், தபால் வந்ததா என்று. நான் "மாஃபி" என்பேன். இல்லை என்பதற்கு இங்கே எல்லாரும் சொல்கிற அரபி வார்த்தை. ஒரு நாள்கூட ஏன் என்று அவர் கேட்டதில்லை. சலாம் சொல்லிவிட்டுப் போய்விடுவார். திட்டினாலாவது எனக்கு ஆறுதலாக இருக்கும்.

இரண்டு கம்பளி சாக்ஸ் வாங்கி வைத்திருக்கிறேன். அனுப்பப் பயமாக இருக்கிறது.

ஷாஜினி


20 பிப்ரவரி 2005

அன்பு ஷாஜினிக்கு,

இதை எங்கள் தபாலில் போடவில்லை. காய்ச்சலில் ஹெலிகாப்டரில் இறங்குகிறான் சேதுபதி, ராமநாதபுரத்துப் பையன், ரோட்டைச் சமப்படுத்தும் கிரேடர் ஓட்டுகிறவன். சமவெளிக்குப் போனதும் போட்டுவிடுவான். மனசிலிருப்பதை முழுவதும் எழுத வேண்டியிருக்கிறது.

விசாரணை முடிந்துவிட்டது. என் மேல் குற்றம் இல்லை. போன வாரம் ஆபீசர் என்னைக் கூப்பிட்டார். ஹமீதாவும் உட்கார்ந்திருந்தாள். இந்த ஊர்ப் பள்ளிக்கூட வாத்தியாரை அழைத்து, கேசட்டை ஓடவிட்டு, வரிக்கு வரி இந்தியில் சொல்லச் சொன்னார்.

நீ கவலைப்பட்டாயே, உண்மையைச் சொன்னானா என்று. அதைத்தான் முதலில் சொல்லியிருக்கிறான். "ஹமீதா, நான் ரசூல். எனக்கு இன்னொரு மனைவியும் நாலு பிள்ளைகளும் உண்டு. இதைக் கேட்ட பிறகும் மிச்சத்தைக் கேட்க உனக்கு மனசிருந்தால் கேள்." ஆபீசர் டேப்பை நிறுத்திவிட்டு அவளைப் பார்த்தார். ஹமீதா, "ஓடட்டும்" என்றாள்.

மிச்சமெல்லாம் வீட்டுச் சங்கதி. வாசல் சூளி மரம் காய்க்கிறதா? மேல் வயலுக்கு மடை யார் திறக்கிறார்கள்? அன்றைக்குத் தேயிலை வாங்கினேன், அதை யாருக்கும் கொடுக்க மனசில்லாமல் ஒரு வருஷம் வைத்திருந்தேன். இப்படி அரை மணி நேரம். இதிலா உளவு இருக்கிறது? ஆபீசர் மூக்கைச் சிந்திக்கொண்டே கோப்பில் கையெழுத்துப் போட்டார். கேசட்டை மட்டும் தர முடியாது என்றார், சட்டம். அவள் இன்னொரு தடவை கேட்க வேண்டும் என்றாள். மறுபடியும் முழுவதும் போட்டார்.

வெளியே வந்து பனியில் நடந்தோம். வருத்தமா என்று கேட்டேன். "அவனுக்குச் சோறு போட யாராவது இருந்திருப்பார்கள் என்று எனக்குத் தெரியும். உயிரோடு இருக்கிறானா என்பதுதான் தெரியாது. இப்போது தெரிந்துவிட்டது" என்றாள். நீ என்னைக் கூப்பிட்ட சேதியை அவளிடம் முன்பே சொல்லியிருந்தேன். கொஞ்ச தூரம் போனதும் நின்று கேட்டாள். "அவன் வர முடியவில்லை, பாதை மூடியிருந்தது. உனக்குப் பாதை திறந்திருந்ததே, நீ ஏன் போகவில்லை?"

நீ கேட்ட அதே கேள்வி. உன் கடிதத்தில் படித்தபோது கோபம் வந்தது. அவள் கேட்டபோது பதில் வந்தது. அதை முதலில் உன்னிடம்தான் சொல்ல வேண்டும்.

லீவு ரத்து என்று சொன்ன அன்று எனக்குள் ஒரு நிம்மதி வந்தது ஷாஜினி. அதை மறைத்துக்கொண்டுதான் உன்னை அப்படித் திட்டி எழுதினேன். பென்ஷன் ஒரு சாக்கு. எனக்குப் பயம். தொண்ணூற்று மூன்று நாள் குடும்பம் நடத்தியவன் நான். கடிதத்தில் நல்ல புருஷனாக இருந்துவிடலாம். ஒரே ரூமில் தினமும் இருந்தால் என்னை உனக்குப் பிடிக்குமா? குறட்டை விடுவேன். பேச்சு வராது. நீ சிரித்துப் பேசி நாலு பேரோடு பழகுகிறவள், நான் கல்லோடு பழகியவன். உனக்குத் தேயிலையில் எத்தனை சர்க்கரை என்றுகூட எனக்குத் தெரியாது.

நீ பெயர் எழுதியது தப்புதான். வருகிறேன் என்று எழுதாத என் தப்பு அதைவிடப் பெரியது. மன்னித்துக்கொள். நீ எழுதிய கவரை ஆபீசர் காட்டினார். எத்தனை அழகாக எழுதியிருக்கிறாய் அந்தப் பெயரை.

உன்
செல்வசிங்


அல் குசைஸ்
1 ஏப்ரல் 2005, வெள்ளி

பிரியமுள்ள அத்தானுக்கு,

சர்க்கரை ஒன்றரை ஸ்பூன். இதைக் கேட்க ஐந்து வருஷமா?

உங்கள் கடிதத்தை இந்த ஒரு மாதத்தில் எத்தனை தடவை படித்தேன் என்று சொல்ல மாட்டேன், தலைக்கனம் வந்துவிடும். குறட்டையைப் பற்றி இனி எழுதாதீர்கள். இந்த ரூமில் மூன்று பேர் குறட்டைக்கு நடுவில்தான் தூங்குகிறேன். உங்களுடையது ஒன்றும் புதிது இல்லை, தொண்ணூற்று மூன்று நாளில் அது எனக்குத் தெரிந்த சங்கதிதான். பயம் உங்களுக்கு மட்டுமா? மூன்று மாதம் முன்னால் ஒரு நாள் உங்கள் குரலை நினைத்துப் பார்த்தேன், நினைவுக்கு வரவில்லை. அன்று டூட்டியில் இரண்டு பேருக்கு ஊசியை நரம்பு தேடித் தேடிக் குத்தினேன்.

வாசு சார் வேறு ஆளை எடுத்துவிட்டார். விசாவும் இல்லை, வேலையும் இல்லை. இருந்தாலும் இறங்கி வாருங்கள். ஜூன் ஒன்றாம் தேதி முதல் எனக்கு இரண்டு மாதம் லீவு. திருவனந்தபுரத்தில் இறங்குகிறேன். நீங்கள் இங்கே வருவதா, நான் அங்கேயே தங்குவதா என்று குளச்சலில் ஒரே வீட்டில் உட்கார்ந்து பேசலாம். இதையும் கடிதத்தில் பேசி முடிக்க என்னால் ஆகாது.

ரசூலிடம் எல்லாவற்றையும் சொன்னேன். இரண்டாவது தடவையும் கேட்டாள் என்றதும், "முழுவதுமா?" என்றார். முழுவதும் என்றேன். அடுத்த வெள்ளிக்கிழமை அவர் வரவில்லை. அதற்கு அடுத்த வெள்ளி வந்து, "டாக்?" என்று மறுபடியும் கேட்டார். இப்போது என்ன எதிர்பார்க்கிறார் என்று அவருக்கே தெரியாது, பாவம்.

பாதை எப்போது திறக்கும்?

உங்கள்
ஷாஜினி


14 மே 2005

என் ஷாஜினிக்கு,

கணவாயில் கூடாரம் போட்டு இருக்கிறோம். பத்தொன்பது நாளாகப் பனி வெட்டுகிறேன். இரண்டு பக்கமும் பனி என் டோசரைவிட உயரமாகச் சுவர் மாதிரி நிற்கிறது. எதிர்ப்பக்கத்திலிருந்து இன்னொரு டோசர் வெட்டிக்கொண்டு வருகிறது. நேற்று அதன் சத்தம் கேட்டது. நாலு நாளில் இரண்டும் சந்தித்துவிடும். பதினெட்டு வருஷமாக வருஷாவருஷம் இந்தப் பாதையைத் திறக்கிறேன். திறந்துவிட்டு வண்டிகளுக்குக் கொடி காட்டி ஓரமாக நிற்பேன். இந்தத் தடவை முதல் வண்டியில் நான் போகிறேன், இந்தக் கடிதத்தையும் சமவெளியில் நானே போட்டுவிடுவேன்.

ராஜினாமா எழுதிக் கொடுத்துவிட்டேன். "இன்னும் ரெண்டு வருஷம்தானே பாக்கி, யோசித்தாயா?" என்றார் ஆபீசர். மூன்று நாள் என்று சொல்லிவிட்டுப் போனவன் கதையை அவரும் கேட்டிருக்கிறாரே. கையெழுத்துப் போட்டுவிட்டார்.

கேம்ப்பை விட்டுக் கிளம்பும் முன் ஹமீதாவிடம் சொல்லிக்கொள்ளப் போனேன். அன்று அவள் தண்ணீர் முறை. வாய்க்கால் கரையில் முறை சொல்கிறவன் "குலாம் ரசூல்!" என்று கூப்பிட்டான். அவள் வழக்கம்போல் மண்வெட்டியைத் தூக்கிக்கொண்டு ஓடினாள். இத்தனைக்குப் பிறகும் பெயரை மாற்றவில்லையா என்று கேட்டேன். "ஏன்? வயல் காய்ந்துவிட்டதா?" என்று கேட்டுவிட்டு மடையைத் திறந்தாள். ஒரு துணிப் பை நிறையக் காய்ந்த சூளி தந்தாள். வாசல் மரத்துப் பழம். ஆபீசர் பையைப் பிரித்துப் பார்த்து, பழத்துக்குச் சட்டம் இல்லை என்று தந்துவிட்டார். இதைக் குசைஸுக்குக் கொண்டுபோய்ச் சேர்க்க வேண்டியது நாம். நீ தனியாகவா, இரண்டு பேருமாகவா என்பதைக் குளச்சலில் பேசுவோம்.

வாயால் சொல்லச் சொல்லி ஒரு சேதியும் தந்திருக்கிறாள். அதை எழுத மாட்டேன். நேரில் சொல்கிறேன்.

ஜூன் ஒன்றாம் தேதி விமான நிலைய வாசலில் நிற்பேன். முகம் கருத்து, உதடு வெடித்துப் போயிருக்கிறது. அடையாளம் தெரியாவிட்டால் பெயரைச் சொல்லிக் கூப்பிடு, ஓடி வருவேன்.

இனி இந்த நம்பருக்குக் கடிதம் போடாதே. வந்தாலும் வாங்குவதற்கு இங்கே நான் இருக்க மாட்டேன்.

உன்
செல்வசிங்